எதிராளி இல்லாத வழக்கு

திருகோணமலை

அன்புள்ள மச்சான்,

வேலிக்கு அந்தப் பக்கத்து மனிதர், என் காணி வழக்கின் எதிராளி, போய்விட்டார். சென்ற வாரம் அந்தியேட்டிக் கிரியையும் முடிந்தது. வருடக்கணக்காக முகம் பார்க்காதவரின் பாடைக்கு நானும் தோள் கொடுத்தேன். ஊர் பார்த்த பார்வையை நீ பார்த்திருக்க வேண்டும்.

மாவட்ட நீதிமன்றத்தில் தோற்றபிறகு, 14 நாளுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தல், 60 நாளுக்குள் மனு என்று நான் ஓடித் திரிந்தது உனக்குத் தெரியும். அவரோடு வழக்கும் போய்விடும் என்றுதான் நினைத்தேன். சட்டத்தரணி சிரித்தார். விவாகரத்து வழக்கென்றால் ஒருவர் கண்ணை மூடியதும் பிரிக்க ஒன்றுமில்லை. காணி அப்படியா? உரிமை பிள்ளைகளுக்கு இறங்கும். வழக்கும் கூடவே இறங்கும்.

குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 760அ பிரிவை வாசித்துக் காட்டினார். மேன்முறையீடு செய்தபின் ஒரு தரப்பினர் இறந்தால் வழக்கேடு குறைபாடுடையதாகிவிடுமாம். மனிதர் போனதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை, ஏட்டுக்குத்தான் குறை! அவர் இடத்தில் யாரைச் சேர்ப்பது என்று நீதிமன்றம் தீர்மானிக்கும்வரை வழக்கு நகராது. அவருடைய சட்டத்தரணியும் இனி வாய்திறக்க முடியாது. தனக்காக வாதாடச் சொல்லி எழுதிக் கொடுத்த புறொக்சி, கொடுத்தவரோடு முடிந்துவிட்டது.

இதில் கொடுமை என்னவென்றால், மேன்முறையீட்டாளன் நான். வழக்கு நடக்க வேண்டுமென்றால் எதிராளியை நானே தேடிக் கொண்டுவர வேண்டும். மரண அத்தாட்சிப் பத்திரம், வாரிசுகளின் பெயர், விலாசம், சத்தியக் கடதாசி. சும்மா இருந்தால் அக்கறையில்லை என்று மனுவைத் தள்ளிவிடவும் கூடும்.

நேற்றுப் பின்னேரம் அவர் வீட்டுக்குப் போனேன். படத்துக்கு முன்னால் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. வந்த காரியத்தைச் சொல்ல எனக்கு ஒரு தேநீர் முழுவதும் தேவைப்பட்டது. மூத்த மகள் எதுவும் பேசாமல் நாட்காட்டித் தாளொன்றைக் கிழித்து, பின்பக்கத்தில் நான்கு பெயர்களை எழுதினாள். கடைசித் தம்பி இலண்டனில். விலாசம் கேட்டுச் சொல்கிறாளாம்.

உன் பெரியப்பா வளவுப் பாகப்பிரிவினை வழக்கு நினைவுக்கு வந்தது. 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கப் பிரிவினைச் சட்டத்தில் இதற்கு வழி செய்திருக்கிறார்கள். தனக்குப்பின் யாரைச் சேர்க்க வேண்டும் என்று ஒருவர் முதல் மூன்று பேர்வரை ஒவ்வொரு தரப்பும் உயிரோடிருக்கும்போதே எழுதிக் கொடுத்து வைக்க வேண்டும். நீ கொடுத்தாயா? கனடாவிலிருந்து பிள்ளைகள் ஓடிவர மாட்டார்கள் மச்சான், இப்போதே பார்.

நேற்று நான் புறப்படும்போது படலையில் வைத்து அந்த மூத்த மகள் கேட்டாள்: "மாமா, நாங்கள் எந்தச் சட்டத்தரணியைப் பிடிப்பது?" அப்பாவின் ஆளையே பிடி, புதுப் புறொக்சி மட்டும் கொடு, அவருக்குத்தான் வழக்கு முழுவதும் தெரியும் என்று சொல்லிவிட்டு வந்தேன். இதைக் கேட்ட என் சட்டத்தரணி இன்று காலை முழுவதும் என்னோடு பேசவில்லை.

அன்புடன்,
உன் மச்சான்