தேங்காய்ப்பட்டணத்தில் எஞ்சின் பயிற்சிக் கூடமும் 200 மீட்டர் அளவுத் தடமும் கேட்டு மனு

அனுப்புநர்:
அவுட்போர்டு எஞ்சின் மெக்கானிக்குகள், ஃபைபர் வள்ளம் கட்டும் தொழிலாளர்கள்,
தேங்காய்ப்பட்டணம், இரயுமன்துறை, வள்ளவிளை, நீரோடி,
கன்னியாகுமரி மாவட்டம்.

பெறுநர்:
மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்,
நாகர்கோவில்.

பொருள்: தேங்காய்ப்பட்டணத்தில் அவுட்போர்டு எஞ்சின் பயிற்சிக் கூடமும், ஆற்றுமுகத்துக்கு உள்ளே 200 மீட்டர் அளவுத் தடமும் அமைத்து, ஆண்டுக்கு ஒருமுறை விதிகளோடு நேர ஓட்டம் நடத்த அனுமதி வேண்டுதல் தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஆட்சித் தலைவர் அவர்களுக்கு,

வணக்கம். திருவிழா நாட்களில் எங்கள் பக்கத்து இளைஞர்கள், ஆறு கடலில் சேரும் பொழிமுகத்தில் எஞ்சின் வள்ளங்களைப் போட்டிக்கு விடுகிறார்கள். காவலர்கள் வந்தால் கலைவதும் போனதும் கூடுவதுமாகவே நடக்கிறது. இது இப்படியே தொடர்ந்தால் ஒருநாள் உயிர் போகும். தடை ஒன்றை மட்டும் போட்டால், ஆள் பார்க்காத இடத்துக்கு ஓட்டம் நகர்ந்துவிடும். ஆகவே மூன்றாவது வழியாக, அளந்த தடத்தில் வள்ளங்களை ஒவ்வொன்றாக நேரம் பார்த்து ஓட்டுவதைத் தங்கள் முன் வைக்கிறோம்.

அளந்த தடத்தில் ஓடும் வள்ளம் தன் நோயைத் தானே சொல்லிவிடும். 10 அங்குல பிட்ச் (ஒரு சுற்றில் முன்னேற வேண்டிய தூரம்) உள்ள புரொப்பெல்லர், இரண்டுக்கு ஒன்று கியர், எஞ்சின் நிமிடத்துக்கு 5,000 சுற்று என்று வைத்துக்கொள்வோம். புரொப்பெல்லர் 2,500 முறை சுழலும். தண்ணீர் சற்றும் வழுக்காமல் இருந்தால் நிமிடத்துக்கு 635 மீட்டர், மணிக்கு 38 கி.மீ. வரும். கால்வாசி வழுக்கிப் போகும் என்று கழித்தால் 28.5 கி.மீ. நிற்கும். அந்தக் கணக்கில் 200 மீட்டரை 25 வினாடியில் கடக்க வேண்டும். 32 வினாடி ஆனால் கோளாறு எங்கோ இருக்கிறது. எஞ்சின் கத்துகிறது, வள்ளம் நகரவில்லை என்றால் எஞ்சினை உயரமாக மாட்டியிருப்பார்கள். புரொப்பெல்லருக்கு மேலே இருக்கும் தட்டு வள்ளத்தின் அடிமட்டத்தோடு சமமாகவோ ஓரங்குலம் கீழாகவோ நிற்க வேண்டும். மேலே ஏறினால் புரொப்பெல்லர் காற்றைக் குடிக்கும். சுற்றே ஏறாமல் திணறினால் பிட்ச் அதிகம். ஓரங்குலம் குறைத்தால் 150 முதல் 200 சுற்று வரை கூடும். இரண்டும் சரியாக இருந்தும் மெதுவாகப் போனால், வள்ளத்தைக் கவிழ்த்து அடியில் ஒட்டிய சிப்பியைச் சுரண்டிப் பாருங்கள். கடலுக்குள் எரியும் எண்ணெயில் எவ்வளவு வீண் என்பதை இந்த 200 மீட்டர் காட்டிக் கொடுத்துவிடும்.

படகு ஓட்டப் போட்டியிலிருந்து தொழில் வளர்ந்ததற்கு அமெரிக்காவின் டெட்ராய்ட் நகரமே சாட்சி. கார் தொழிற்சாலைகளின் ஊர் என்றே உலகம் அதை அறியும். நம் வள்ளங்களின் பின்னால் தொங்கும் அவுட்போர்டு எஞ்சினின் தொடக்க கால வரலாற்றில் ஒரு பகுதியும் அங்கே இருக்கிறது. கேமரூன் வாட்டர்மேன் என்பவர் 1905-இல் டெட்ராய்ட் ஆற்றில் அதை ஓட்டிப் பார்த்தார். அடுத்த ஆண்டே விற்கத் தொடங்கினார். 1904-இல் நியூயார்க்கின் ஹட்சன் ஆற்றில் தொடங்கிய கோல்டு கப் பந்தயத்தை 1915-இல் ‘மிஸ் டெட்ராய்ட்’ என்ற படகு வென்றது. அதைக் கட்டியவர் அல்கோனாக் ஊரின் கிறிஸ் ஸ்மித். பந்தயம் அடுத்த ஆண்டு டெட்ராய்ட்டுக்கு வந்தது. லாரியின் பின்பெட்டியைத் தூக்கும் ஹைட்ராலிக் கருவியில் பணம் சேர்த்த கார் வுட் (Gar Wood) என்பவர், ஸ்மித்தின் படகுகளில் 1917 முதல் 1921 வரை தொடர்ந்து 5 முறை அக்கோப்பையை வென்றார். முதல் உலகப் போரில் மிஞ்சிய லிபர்ட்டி விமான எஞ்சின்களை வாங்கிப் படகில் இறக்கியவர் அவர். 1932-இல் 4 பேக்கார்டு எஞ்சின்கள், 6,400 குதிரைத்திறன், 38 அடி நீளம் கொண்ட ‘மிஸ் அமெரிக்கா 10’ மணிக்கு 124 மைல், அதாவது சுமார் 200 கி.மீ. தொட்டது. அந்தப் பந்தய எஞ்சினின் வழி வந்த பேக்கார்டு எஞ்சின்களே இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கக் கடற்படையின் டார்பிடோ படகுகளில், படகுக்கு மூன்று வீதம் ஓடின. கிறிஸ் ஸ்மித்தின் குடும்பம் நடத்திய கிறிஸ்-கிராஃப்ட் பட்டறையின் பெயர் உலகமெங்கும் பரவியது.

அந்த நகரத்தின் தவறுகளும் எங்களுக்குப் பாடம்தான். எஞ்சின்கள் வரம்பின்றிப் பெருத்ததால், 1922-இல் கோல்டு கப்புக்கு எஞ்சின் கொள்ளளவு 625 கன அங்குலம், அதாவது சுமார் 10.2 லிட்டர் என்று வரையறுத்தார்கள். பெரிய எஞ்சினுக்குச் செலவிட முடியாதவரும் களத்தில் நிற்க அது வழிவிட்டது. நாங்கள் கேட்கும் ஓட்டத்திலும் 9.9 குதிரைத்திறன் எஞ்சின் மட்டுமே, கம்பெனியிலிருந்து வந்தபடியே இருக்க வேண்டும். சிலிண்டரின் மேல்மூடியான ஹெட்டைச் சீவி அழுத்தத்தை ஏற்றும் பழக்கம் நம் பட்டறைகளிலும் உண்டு. மண்ணெண்ணெய்க்கு அந்த அழுத்தம் தாங்காது. எஞ்சின் தட்டும், பிஸ்டன் ஓட்டையாகும். ஓட்டத்துக்கு முன் இரு சிலிண்டரின் அழுத்தத்தையும் மானி வைத்துப் பார்த்து, பத்து சதவீதத்துக்கு மேல் வித்தியாசம் இருந்தால் திருப்பி அனுப்ப வேண்டும்.

1931-இல் டெட்ராய்ட் ஆற்றில் ஹார்ம்ஸ்வொர்த் கோப்பைக்காக கார் வுட்டும் இங்கிலாந்தின் கே டானும் மோதினார்கள். இரண்டாவது சுற்றில் இருவருமே புறப்படும் நேரத்துக்கு முன் கோட்டைத் தாண்டித் தகுதி இழந்தார்கள். டானின் படகு முதல் வளைவிலேயே கவிழ்ந்தது. 1966 கோல்டு கப்பில் அதே ஆற்றில் படகோட்டி சக் தாம்சன் உயிரிழந்தார். எனவே எங்கள் தடத்தில் வளைவே வேண்டாம், பக்கத்தில் இன்னொரு வள்ளமும் வேண்டாம். ஒரு வள்ளம் நேராக ஓடட்டும். அடுத்தது அது கரை சேர்ந்த பிறகு. ஆற்றின் ஓட்டம் ஒரு பக்கம் உதவி மறுபக்கம் இழுக்கும். அதனால் போக ஒன்று, வர ஒன்று என இரு ஓட்டத்தின் சராசரியே கணக்கு.

எல்லாவற்றுக்கும் மேலாக, ஓட்டுபவர் விழுந்தால் கிளிப்பை இழுத்து எஞ்சினை அணைக்கும் கில் ஸ்விட்ச் கயிறு. இப்போது பல வள்ளங்களில் அதன் கிளிப்பை ஒரு துண்டு நைலான் கயிற்றால் நிரந்தரமாகக் கட்டி வைத்திருக்கிறார்கள். ஓட்டுபவர் தவறி விழுந்தால் எஞ்சின் நிற்காது. கைப்பிடி ஒருபக்கம் சாய்ந்து, வள்ளம் வட்டமடித்து, விழுந்தவர் மேலேயே திரும்பி வரும். கயிறு மிதவைச் சட்டையில் கோர்க்கப்படாமல் எந்த வள்ளமும் தடத்தில் இறங்கக் கூடாது. ஓட்டத்துக்கு முன் அதை ஒருமுறை இழுத்து, எஞ்சின் நிற்கிறதா என்று பார்க்க வேண்டும்.

பயிற்சிக் கூடத்துக்குப் பெரிய செலவில்லை. கூரை போட்ட கொட்டகை. 2 மீட்டர் நீளம், 1.5 மீட்டர் அகலம், 1.2 மீட்டர் ஆழத்தில் 3,600 லிட்டர் பிடிக்கும் சிமென்ட் தொட்டி. கழற்றிப் பழக 4 பழைய எஞ்சின்கள். மூன்று பிட்சில் புரொப்பெல்லர்கள். அழுத்தமானி, டார்க் ரெஞ்ச், ஃப்ளைவீல் புல்லர். கடலிலிருந்து வந்த எஞ்சினை நல்ல தண்ணீரில் 10 நிமிடம் ஓட்டி உப்பைக் கழுவுவது, எஞ்சினைக் குளிர்விக்கத் தண்ணீர் இழுத்து, பொழி மணலில் தேய்ந்துபோன ரப்பர் இம்பெல்லரை மாற்றுவது, மண்ணெண்ணெயில் ஓடிய எஞ்சினை அணைக்குமுன் பெட்ரோலுக்குத் திருப்பி கார்புரேட்டரைச் சுத்தமாக்குவது ஆகியவற்றை அங்கே முறையாகச் சொல்லித் தரலாம். கடைசியில் சொன்னதைச் செய்யாதவர்தான் விடியலில் கயிறு இழுத்து இழுத்துத் தோள் சலிக்கிறார். இப்போது கியர்ப்பெட்டி போனால் எல்லை தாண்டிக் கேரளப் பக்கம் தூக்கிச் செல்கிறோம். ஒரு நாள் தொழில் போகிறது. டெட்ராய்ட்டின் படகு வரலாற்றையும் பாடத்தில் ஒரு நாளாவது சேர்க்க வேண்டுகிறோம். எஞ்சினைத் தொடும் பிள்ளைக்கு அது எங்கிருந்து வந்தது என்று தெரிந்திருக்க வேண்டும்.

தடத்தை இரயுமன்துறைக்கும் தேங்காய்ப்பட்டணத்துக்கும் நடுவே, குழித்துறை ஆற்றில், பொழிக்கு நன்கு உள்ளே தள்ளி அமைக்கலாம். நான்கு மிதவைகளை நங்கூரமிட்டால் போதும். கடல் அடங்கிக் கிடக்கும் தை மாதத்தில், வலை போடாத ஒரு ஞாயிறு பிற்பகல் மூன்று மணி நேரம் ஒதுக்கித் தந்தால் போதும். மீன்வளத் துறையும் கடலோரக் காவல் நிலையமும் இடத்தைப் பார்வையிட ஆணையிடுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம். மிதவைகளைப் போடுவதும் அளப்பதும் மீட்பு வள்ளம் இரண்டை நிறுத்துவதும் எங்கள் பொறுப்பு.

இணைப்பு: தடத்தின் கை வரைபடம், கருவிகளின் பட்டியல், கையொப்பத் தாள்கள்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
எஞ்சின் மெக்கானிக்குகள், வள்ளம் கட்டும் தொழிலாளர்கள்

இடம்: தேங்காய்ப்பட்டணம்