ஸ்வீடன் படவிழாவை 1913-இல் தொடங்குங்கள்

திரைப்படச் சங்கங்களை நடத்தும் நண்பர்களுக்கு,

வணக்கம். ஸ்வீடன் படங்கள் என்று நீங்கள் விழா எடுக்கும்போதெல்லாம் பட்டியல் இயக்குநர் இங்மர் பெர்க்மனில் தொடங்கி பெர்க்மனிலேயே முடிகிறது. அவருடைய 'வைல்ட் ஸ்ட்ராபெரீஸ்' போடுகிறீர்கள். அதில் பேராசிரியராக வரும் பெரியவரைப் பார்த்து அரங்கமே நெகிழ்கிறது. அவர் விக்டர் ஷோஸ்ட்ரோம், அந்தக் காலத்து இயக்குநர் என்று அறிமுக உரையில் ஒரு வரி வருகிறது. அந்த ஒரு வரி போதாது என்று சொல்லத்தான் இந்த மடல்.

1918-இல் பெர்க்மன் பிறந்தபோது ஷோஸ்ட்ரோம் தன் சிறந்த படங்கள் சிலவற்றை எடுத்து முடித்திருந்தார். நாடக நடிகராக இருந்தவர் 1912-இல் சினிமாவுக்கு வந்தார். தொடக்கத்தில் இயக்கிய 'தோட்டக்காரர்' படத்தையே தணிக்கையினர் தடை செய்தார்கள். அடுத்த ஆண்டு 'இங்கெபோர்க் ஹோல்ம்' வந்தது.

நீங்கள் முதலில் திரையிட வேண்டியது இந்தப் படத்தைத்தான். கடைக்காரக் கணவன் நோயில் இறந்துபோக, கடன் கழுத்தை நெரிக்க, இங்கெபோர்க் மூன்று பிள்ளைகளுடன் ஏழையர் விடுதிக்குப் போகிறாள். பிள்ளைகளை ஆளுக்கொரு வீட்டில் வளர்க்கக் கொடுத்துவிடுகிறார்கள். பிரிகிற காட்சிகளில் கேமரா இருந்த இடத்தைவிட்டு அசைவதில்லை. முகத்தைக் கிட்டத்தில் காட்டி நம்மை அழவைக்கிற வேலையே இல்லை. அம்மாவும் பிள்ளையும் பல நேரம் நமக்கு முதுகு காட்டித்தான் நிற்கிறார்கள். இங்கெபோர்க்காக நடித்த ஹில்டா போர்க்ஸ்ட்ரோமின் தோள்களைப் பார்த்தே அவள் மனம் நமக்குப் புரிந்துவிடுகிறது. பிறகு ஒருநாள் பார்க்கும்போது அவளைக் கடைசிக் குழந்தைக்கே அடையாளம் தெரிவதில்லை. அங்கேதான் அவள் மனம் உடைகிறது. ஒரு மரப்பலகையைக் குழந்தையென்று அணைத்துக்கொண்டு தாலாட்டுகிறாள். இந்தப் படத்தால் ஏழையர் நலச் சட்டம் பற்றி ஸ்வீடன் பத்திரிகைகளில் பெரிய விவாதம் கிளம்பியது. புதிய சட்டம் 1918-இல் வந்தது. படம் மட்டுமே காரணம் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் சினிமாவுக்கு வயது இருபதுகூட ஆகாத காலத்தில் ஒரு படம் நாட்டின் சட்டத்தைக் கேள்வி கேட்டது, அது சின்ன விஷயமா?

அப்புறம் 'தி ஃபாண்டம் கேரேஜ்' (ஆவி வண்டி). ஸ்வீடன் எழுத்தாளர் செல்மா லாகர்லோஃபின் நாவலுக்கு ஷோஸ்ட்ரோம் தானே திரைக்கதை எழுதி, இயக்கி, நாயகனாகவும் நடித்தார். 1921 புத்தாண்டு நாளில் வெளியானது. ஒளிப்பதிவாளர் யூலியஸ் யேன்சன் ஒரே ஃபிலிமில் திரும்பத் திரும்பப் பதிவு செய்து, வண்டி, குதிரை, ஓட்டுகிறவன் எல்லாவற்றையும் ஊடுருவிப் பார்க்கும்படி ஆக்கினார். இன்றைய கணினி வித்தை பழகிய கண்ணுக்கும் அது பழசாகத் தெரியாது. பெர்க்மன் வாழ்நாள் முழுக்க அந்தப் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தவர்.

ஹாலிவுட்டில் ஷோஸ்ட்ரோமின் பெயர் விக்டர் சீஸ்ட்ரோம். அங்கே எடுத்தவற்றில் லிலியன் கிஷ் நடித்த 'தி விண்ட்' (1928) ஒன்றாவது உங்கள் பட்டியலில் இருக்கட்டும். நாடு திரும்பியபின் அவர் பெரும்பாலும் நடிகராகவே இருந்தார். ஆனால் 1940-களில் ஸ்வென்ஸ்க் ஃபில்மிண்டஸ்ட்ரி என்ற படநிறுவனத்தின் கலை ஆலோசகராக இருந்தபோது, முதல் படத்தில் தடுமாறி எல்லோரிடமும் சண்டை போட்டுக்கொண்டிருந்த இளைஞன் பெர்க்மனின் பிடரியைப் பற்றி, ஸ்டுடியோ வாசலில் மேலும் கீழும் நடக்கவைத்துப் புத்தி சொன்னாராம். காட்சியை எளிமையாக வை, யாரோடும் மோதாதே என்று. பெர்க்மனே நன்றியோடு எழுதியிருக்கிறார். அவரை வைத்து விழா எடுக்கிற நாம், அவர் பாடம் கேட்ட மனிதரை ஓரமாக உட்காரவைக்கலாமா?

1941-இல் ஸ்டாக்ஹோமில் ஃபிலிம் கிடங்கு தீப்பிடித்து ஏராளமான நெகடிவ்கள் அழிந்தன. ஷோஸ்ட்ரோமின் ஆரம்பகாலப் படங்களில் பல இன்று இல்லை. மிஞ்சிய சிலதைத்தான் போடச் சொல்கிறேன். இவை பேசாப் படங்கள், அதனால் போடும்போது இரண்டு விஷயம் பார்த்துக்கொள்ளுங்கள்: எல்லோரும் குடுகுடுவென்று ஓடுகிற மாதிரி வேகத்தைக் கூட்டி ஓட்டிவிடாதீர்கள், இசையில்லாமலும் திரையிடாதீர்கள். ஒரு வயலின்காரரைக் கூப்பிட்டாலும் போதும். இடையில் வரும் எழுத்து அட்டைகளைத் தமிழில் வாசிக்க ஆள் வேண்டுமென்றால் நான் வருகிறேன்.

அன்புடன்,
உங்கள் திரையிடல்களுக்கு வரும் ஒரு பார்வையாளர்