முதல் தானியத்தை விதைத்த கைதி

ஐயா,

பிரிட்டன் ஆஸ்திரேலியாவுக்கு நாடு கடத்திய கைதிகளைப் பற்றிய உங்கள் கட்டுரையில் ஜேம்ஸ் ரூஸ் விடுபட்டுவிட்டார். இங்கிலாந்தின் கார்ன்வாலில் விவசாயத்தோடு வளர்ந்தவர். 1782இல் திருட்டு வழக்கில் மரண தண்டனை. பிறகு அது ஏழாண்டு நாடு கடத்தலாகக் குறைந்தது. 1788இல், கைதிகளை ஏற்றிச் சென்ற முதல் கப்பல் அணியில் சிட்னி போய்ச் சேர்ந்தார்.

தண்டனைக் காலம் முடிந்துவிட்டது என்று அவர் சொன்னபோது அதைக் காட்டும் தாள்கள் அங்கே இல்லை. சரி, ஒருவன் தன் உழைப்பில் பிழைக்க முடிகிறதா பார்ப்போம் என்று குடியேற்றத்தின் ஆளுநர் பிலிப், சிட்னிக்கு அருகே பாரமட்டாவில் கொஞ்சம் நிலம் கொடுத்தார். எருவுக்கு வழியில்லை. ரூஸ் வெட்டிய மரங்களை எரித்து, சாம்பலை மண்ணில் கொத்திச் சேர்த்தார். புல்லோடு மண்ணைப் புரட்டி மட்கவிட்டார். 1791இல், அரசுக் களஞ்சியத்துச் சாப்பாடு இனி வேண்டாம் என்று சொல்லிவிட்டார். 30 ஏக்கர் நிலம் மானியமாகக் கிடைத்தது. (அந்த மண் புரமட்டகல் என்ற ஆதிகுடி மக்களுடையது, அவர்களை யாரும் கேட்கவில்லை.)

அவ்வளவு பாடுபட்ட நிலத்தை 1793இலேயே 40 பவுண்டுக்கு விற்றதுதான் எனக்கு வியப்பு. 1837இல் இறந்தார். இந்தக் குடியேற்றத்தில் முதல் தானியத்தை விதைத்தவன் நான் என்று அவர் கல்லறைக் கல்லில் எழுத்துப்பிழையோடு பொறித்திருக்கிறது.

– ஒரு வாசகர்