பேத்தி கேட்ட கணக்கு

பள்ளத்தூர்

அன்புள்ள வள்ளிக்கு,

அப்பச்சி எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். ஆத்தாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான். டாக்டரிடம் போ என்றால் கேட்பதில்லை, உன்னை மாதிரி.

ஞாயிற்றுக்கிழமை உன் மகள் போன் போட்டாள். நீ பக்கத்தில்தான் இருந்தாய், இருமல் கேட்டது. வேலை இருந்திருக்கும். பிள்ளை ஒரு கணக்குக் கேட்டாள். இரண்டு எண்களைக் கூட்டினால் 10, பெருக்கினால் 40, அவை எவை? இருபடிச் சமன்பாடாக்கி பி ஸ்கொயர் மைனஸ் 4 ஏசி போட்டால் மைனஸ் 60 வருகிறது, மெய்யான மூலங்கள், அதாவது மெய்யெண் விடைகள், இல்லை என்று எழுதி மார்க்கும் வாங்கிவிட்டாள். "ஆனா ஏன் இல்லை ஐயா?" என்கிறாள். என்னிடம் படித்ததுகளில் சூத்திரம் கேட்டவர்கள்தான் அதிகம். ஏன் என்று நீ கேட்பாய். அவளும் கேட்கிறாள்.

சொல்லி முடிப்பதற்குள் லைன் போய்விட்டது. நீயே கூட உட்கார்ந்து சொல்லிக்கொடு.

வளவுத் தரையில் சதுர ஆத்தங்குடிக் கல் மேல் நூலை வளைத்துப் போட்டுப் பார்த்தேன். சுற்றளவு 20 கல் நீளம், நாலு மூலைக்கும் பித்தளை டம்ளர். நீளமும் அகலமும் சேர்ந்தால் எப்போதும் 10. 9-க்கு 1 வைத்தால் உள்ளே 9 கல். 7-க்கு 3 என்றால் 21. 6-க்கு 4, 24. 5-க்கு 5, 25. அதற்கு மேல் ஏறவே ஏறாது. டம்ளரை எப்படி நகர்த்தினாலும் 40 கல்லை அந்த நூலுக்குள் அடைக்க முடியாது.

காரணம் இதுதான். 5-லிருந்து ஒரு பக்கம் எவ்வளவு கூடுகிறதோ மறுபக்கம் அவ்வளவு குறையும். பெருக்கினால் 25-லிருந்து அந்த நகர்வின் வர்க்கம் கழியும். 2 நகர்ந்தால் 4 போகும், 3 நகர்ந்தால் 9. மைனஸ் 3 என்று எடுத்தாலும் வர்க்கம் 9-தான். 40 வேண்டுமானால் வர்க்கம் மைனஸ் 15 ஆக வேண்டும். எந்த மெய்யெண்ணுக்கும் அப்படி வராது. அவளுக்கு வந்த மைனஸ் 60, இந்த மைனஸ் 15-இன் நாலு மடங்கு.

நம்ம நாட்டுக் கணித அறிஞர் பாஸ்கரர் 1150-இல் 'பீஜகணிதம்' என்ற நூலில் இதைச் சொல்லிவிட்டார்: மைனஸ் எண் எந்த எண்ணின் வர்க்கமும் ஆகாது, ஆகவே அதற்கு வர்க்கமூலமும் இல்லை. இத்தாலியில் கார்டானோ 1545-இல் போட்டது இதே 10, 40 கணக்கு. பிள்ளையிடம் சொன்னால் குதிப்பாள். 5-உடன் மைனஸ் 15-இன் வர்க்கமூலத்தைக் கூட்டி ஒன்று, கழித்து ஒன்று என்று துணிந்து எழுதிப் பெருக்கினார். 40 வந்துவிட்டது! நுட்பமானது, ஆனால் பிரயோசனமில்லை என்று அவரே எழுதியும் வைத்தார். 1572-இல் இன்னொரு இத்தாலிக்காரர் பாம்பெல்லி, மைனஸ் எண்ணின் வர்க்கமூலம் வரும் அந்த எண்களுக்குக் கூட்டல் பெருக்கல் விதிகளே வகுத்துவிட்டார். மெய்யெண்ணில்தான் விடை இல்லை, அந்த எண்களில் உண்டு. அதனால் விடை எழுதும்போது 'மெய்யான' என்பதை விட்டுவிடக் கூடாது என்று சொல்.

பிள்ளையார் நோன்புக்கு அங்கே சிங்கப்பூரில் நம்ம ஆட்கள் கூடி இழை எடுத்த போட்டோ வந்தது. நீயும் பிள்ளையும் நிற்கிறீர்கள். மெலிந்திருக்கிறாய். நேரத்துக்குச் சாப்பிடு. மாப்பிள்ளைக்கு டூட்டி போல. தீபாவளி போட்டோவிலும் டூட்டிதான். ஆத்தா கேட்டாள், டூட்டி என்றே சொல்லிவிட்டேன்.

"புது வீட்டுல என் ரூம் சின்னது ஐயா" என்றாள் பிள்ளை. நான் மேற்கொண்டு கேட்கவில்லை. விலாசம் தெரியாததால் இதை உன் ஆபீசுக்குப் போடுகிறேன். காரைக்குடி காலேஜில் கணக்கில் முதலாவதாக வந்தவளுக்கு ஒரு போன் போடத் தெரியவில்லையா? சாப்பிடு.

ஜூன் லீவுக்கு வாருங்கள். மாப்பிள்ளைக்கு லீவு கிடைக்காவிட்டால் நீயும் பிள்ளையும் வாருங்கள். லீவு முடிந்ததும் ஓட வேண்டும் என்றில்லை, இங்கேயும் பள்ளிக்கூடம் இருக்கிறது. டிக்கெட் எடுக்கும் முன் ஒரு வார்த்தை சொல். மாடி அறையில் ஃபேன் ஓடவில்லை, ஆளைக் கூப்பிட வேண்டும்.

அப்பச்சி