சென்னையின் வரலாற்றை எழுதுகிறவர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய வரலாற்றாசிரியர்களுக்கு,

வணக்கம். நான் ஆய்வாளன் அல்ல. நீங்கள் எழுதும் புத்தகங்களைக் காசு கொடுத்து வாங்கிப் படிக்கிற வடசென்னைக்காரன். அந்த உரிமையில் ஒரு குறையைச் சொல்லத்தான் இந்த மடல்.

இருபதாம் நூற்றாண்டுச் சென்னையைப் பற்றி நான் படித்த புத்தகங்களில் பெரும்பாலும் மூன்று அத்தியாயங்கள் இருக்கின்றன. ஒன்று போர்: 1914 செப்டம்பர் 22 இரவு ஜெர்மனியின் எம்டன் போர்க்கப்பல் வந்து குண்டு போட்டது, பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் எரிந்தன, ஜனங்கள் மூட்டை கட்டிக்கொண்டு ஓடினார்கள். இன்னொன்று தொழில்: பின்னி கம்பெனி, பக்கிங்காம் மில், கர்நாடிக் மில், ஆயிரக்கணக்கான தறிகள். அப்புறம் சமூகம்: நீதிக்கட்சி, ஆதிதிராவிடர் இயக்கம், வகுப்புவாரி உரிமை. ஒவ்வொரு அத்தியாயமும் நன்றாகவே இருக்கிறது. ஆனால் ஓர் அத்தியாயத்தில் வருகிற மனிதர் அடுத்ததில் காணாமல் போய்விடுகிறார். பெரம்பூரில் அன்று வாழ்ந்தவருக்கு இந்த மூன்றும் தனித்தனியாக நடக்கவில்லை. காலையில் சங்கு ஊதியதும் வேலைக்குப் போனவர், போரால் ஏறிய விலைக்கு அரிசி வாங்கியவர், தன் சாதிக்குரிய தெருவில் குடியிருந்தவர் எல்லாம் ஒரே ஆள்.

பி அண்ட் சி மில் (பக்கிங்காம், கர்நாடிக் இரண்டையும் சேர்த்துச் சொல்வது) என்றதும் எல்லாருக்கும் நினைவுக்கு வருவது காக்கித் துணி. ராணுவத்துக்கும் போலீசுக்கும் சாயம் போகாத காக்கி டிரில் நெய்து கொடுத்துத்தான் அந்த மில் பேர் வாங்கியது. முதல் உலகப் போர் வந்தபோது இந்தியாவிலிருந்து பத்து லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் படையிலும் படைக்கான துணைப் பணிகளிலும் அனுப்பப்பட்டார்கள். அவ்வளவு பேருக்கும் சீருடை வேண்டுமே. தறிகள் ஓய்வில்லாமல் ஓடின. அதே நேரத்தில், நெய்தவர் வீட்டில் துணி விலையும் அரிசி விலையும் எட்டாத உயரத்துக்குப் போய்விட்டன. 1918 செப்டம்பரில் சென்னையில் மூன்று நாள் கடைகள் சூறையாடப்பட்டன; மில் தொழிலாளர்களும் அதில் இருந்தார்கள். இந்தச் சூறையாடலை நீங்கள் போர் அத்தியாயத்தில் வைப்பீர்களா, தொழில் அத்தியாயத்தில் வைப்பீர்களா? பெரும்பாலும் எதிலும் வைப்பதில்லை.

அந்த ஆண்டு ஏப்ரல் 27 அன்று சென்னைத் தொழிலாளர் சங்கம் தொடங்கப்பட்டது. இந்தியாவின் முதல் முறையான தொழிற்சங்கம் என்று அதைச் சொல்லிப் பெருமைப்படுகிறோம், படலாம், தப்பில்லை. பி.பி.வாடியா தலைவர், திரு.வி.க. துணைத் தலைவர்களில் ஒருவர், செல்வபதி செட்டியாரும் ராமானுஜுலு நாயுடுவும் செயலாளர்கள். செட்டியாரும் நாயுடுவும் பெரம்பூர் வட்டாரத்து வியாபாரிகள். அவர்கள் நடத்திய ஒரு பக்தி சபையில்தான் தொழிலாளர்கள் முதலில் கூடினார்கள். மதியச் சாப்பாட்டுக்குப் போதுமான இடைவேளை இல்லை, வெள்ளைக்கார மேஸ்திரிகள் கை நீட்டுகிறார்கள் என்று கொட்டித் தீர்த்த குறைகள்தான் சங்கமாக ஆயின.

இங்கே வாடியாவின் ஒரு பேச்சை உங்கள் கவனத்துக்குக் கொண்டுவர வேண்டும். போர் முடிவதற்கு முன் தொழிலாளர்களிடம் பேசும்போது அவர் சொன்னதன் சாரம் இது: வேலைநிறுத்தத்தால் பின்னி கம்பெனியின் பைக்கு மட்டும் நஷ்டம் என்றால் எனக்குக் கவலை இல்லை, அவர்கள் ஏராளமாகச் சம்பாதிக்கிறார்கள், ஆனால் போர்முனையில் இருக்கும் நம் சிப்பாய்களுக்கு உடை கிடைக்காமல் போய்விடும், அதைச் செய்ய நமக்கு உரிமை இல்லை.

பிற்காலத்தில் இடதுசாரிகள் இந்தப் பேச்சை எடுத்து வைத்துக்கொண்டு வாடியாவைக் கிண்டல் செய்தார்கள்: பார், தொழிலாளர் தலைவர் பேசுகிற பேச்சா இது என்று. சங்கத்தைப் போற்றி எழுதுகிறவர்கள் இந்தப் பேச்சைக் கண்டும் காணாமல் கடந்துபோகிறார்கள். என்னைக் கேட்டால் இரண்டுமே சோம்பேறித்தனம். முந்தைய ஆண்டுதான் ஹோம் ரூல் (தன்னாட்சி) கிளர்ச்சிக்காக அன்னி பெசன்டோடு உதகையில் காவலில் வைக்கப்பட்டிருந்தவர் வாடியா. அரசுக்குப் பயந்து அப்படிப் பேசினாரா, உண்மையாகவே நம்பினாரா, இல்லை கூட்டத்தில் இருந்தவர்களின் வீடுகளிலும் படைக்குப் போனவர்கள் இருந்ததால் அப்படிப் பேசினாரா? இந்த மூன்றாவது கேள்வியை யாரும் கேட்டு நான் படித்ததில்லை. அதைக் கேட்க வேண்டுமானால் மில்லின் வரலாறு எழுதுகிறவர் படையின் வரலாற்றையும் திறந்து பார்க்க வேண்டும்.

அப்படித் திறந்தால் இன்னொன்றும் தெரியும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் மதராஸ் படையில் பறையர் சாதியினர் கணிசமாக இருந்தார்கள். ஊரில் கிடைக்காத சம்பளம், சீருடை, கொஞ்சம் மரியாதை எல்லாம் பட்டாளத்தில் கிடைத்தது. 1880-களில் முதலில் மதராஸ் படைக்கும் பிறகு இந்தியா முழுமைக்கும் தளபதியாக இருந்த ராபர்ட்ஸ், தென்னாட்டுச் சிப்பாய் போருக்கு லாயக்கில்லை என்று எழுதியும் பேசியும் வந்தார். வடமேற்கு ‘வீர இனங்கள்’ மேல் என்ற கொள்கை வேரூன்றி, மதராஸ் காலாட்படைப் பிரிவுகள் படிப்படியாகக் கலைக்கப்பட்டன அல்லது வேறு ஆட்களால் நிரப்பப்பட்டன. சரி, அந்தக் குடும்பங்கள் எங்கே போயின? கோலார் தங்கவயலுக்குப் போனவர்களைப் பற்றி ஓரளவு எழுதப்பட்டிருக்கிறது. பெரம்பூர் மில்லுக்கு எத்தனை பேர் வந்தார்கள்? மில்லைச் சுற்றி பெரம்பூர் பாரக்ஸ் ரோடும் பட்டாளமும் இன்றும் பெயரளவில் இருக்கின்றன. ராணுவக் கொள்கை மாறியதற்கும் ஆலைக்கு ஆள் கிடைத்ததற்கும் தொடர்பு உண்டா இல்லையா என்று தேடிப் பார்த்து, இல்லை என்றே முடிவுக்கு வந்தாலும் பரவாயில்லை. தேடியதை எழுதுங்கள்.

இப்படிப் பிரித்து எழுதும் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று யோசித்தால், எழும்பூர் ஆவணக் காப்பகத்தின் மேல்தான் எனக்குச் சந்தேகம். காப்பகத்தில் வேலை செய்கிறவர்களைச் சொல்லவில்லை, அவர்கள் பாவம். வெள்ளைக்கார அரசு தன் வசதிக்காகத் துறை துறையாகக் கோப்புகளை அடுக்கியது. கலவரம் ஒரு துறையில், கூலித் தகராறு இன்னொன்றில், ‘தாழ்த்தப்பட்ட வகுப்பினர்’ மற்றொன்றில், ராணுவம் முற்றிலும் வேறு இடத்தில். ஆய்வாளர் ஒரு துறையின் கட்டைக் கேட்டு வாங்கி, அதைப் படித்து முடித்து, அதன் அளவுக்கே ஒரு நூல் எழுதுகிறார். அரசு எந்தச் சுவரை எழுப்பியதோ அதே சுவருக்குள் நம் வரலாறும் நின்றுவிடுகிறது.

1921-ல்தான் இந்தச் சுவர் செய்த சேதம் நன்றாகத் தெரிகிறது.

அதற்கு முந்தைய டிசம்பரிலேயே கதவடைப்பின்போது போலீஸ் சுட்டுத் தொழிலாளர்கள் இறந்திருந்தார்கள். பின்னி கம்பெனி வாடியா மீது உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, கடைசியில் அவர் சங்கத்தை விட்டு விலகும்படி ஆயிற்று. (தொழிற்சங்கம் நடத்தினால் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட முடியும் என்ற நிலையை மாற்றத்தான் தொழிற்சங்கத் தலைவர் என்.எம்.ஜோஷி மத்திய சட்டமன்றத்தில் குரல் எழுப்பினார். 1926-ல் தொழிற்சங்கச் சட்டம் வந்தது.) பிறகு 1921-ன் நடுவில் பெரிய வேலைநிறுத்தம் தொடங்கி அக்டோபர் வரை நீடித்தது. இரண்டு மில்லிலும் சேர்த்துச் சுமார் 10,000 பேர் வேலை பார்த்த காலம் அது. சாதி இந்துக்களும் முஸ்லிம்களும் வெளியே நிற்க, ஆதிதிராவிடர்களில் பெரும்பாலோர் வேலைக்குத் திரும்பினார்கள். மில்லுக்குப் பக்கத்துப் புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன. இரு தரப்பும் தாக்கிக்கொண்டது. ஆகஸ்ட் இறுதியில் மறுபடியும் துப்பாக்கிச் சூடு, மறுபடியும் சாவு.

இதை எழுதுகிறவர்கள் ஆளுக்கொரு ஆண்டைப் பிடித்துக்கொள்கிறார்கள். விடுதலைப் போராட்ட வரலாறு எழுதுகிறவர் 1918-ல் சங்கம் பிறந்ததைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவார். இடதுசாரி எழுத்தில் 1920 துப்பாக்கிச் சூடு பெரிதாகவும் புளியந்தோப்பு ‘நிர்வாகத்தின் பிரித்தாளும் சூழ்ச்சி’ என்ற ஒரே வரியாகவும் இருக்கும். நீதிக்கட்சி வரலாற்றில், திரு.வி.க.வை நாடு கடத்த ஆளுநர் வெலிங்டன் நினைத்ததும் கட்சித் தலைவர் தியாகராயச் செட்டியார் தலையிட்டு அதைத் தடுத்ததும் வரும். அதே செட்டியார், (ஆதிதிராவிடர் நலனையும் கவனித்த) அரசின் தொழிலாளர் துறை ஆதிதிராவிடர்களுக்கு அளவுக்கு மீறிச் சலுகை காட்டுகிறது என்று குற்றம் சாட்டியது மெல்லிய குரலில்தான் வரும். தலித் வரலாற்று எழுத்துதான் எரிந்த குடிசைகளை நடுவில் வைக்கிறது. அங்கே மில்லுக்குள் நடந்தது மங்கிவிடுகிறது. ஆதிதிராவிடர் தலைவர் எம்.சி.ராஜா 1923-ல் நீதிக்கட்சியிலிருந்து வெளியேறியதற்கான காரணங்களில் ஒன்று இந்த 1921 கோடையில்தான் தொடங்குகிறது என்பது என் எண்ணம்.

சூழ்ச்சி இல்லை என்று நான் சொல்லவில்லை. நிர்வாகத்துக்கும் அரசுக்கும் ஆட்களைப் பிரிப்பதில் லாபம் இருந்தது. ஆனால் பிரிக்க முடிந்தது ஏன்? மாதக்கணக்கில் கூலி இல்லாமல் இருக்க யாரால் முடியும், யாரால் முடியாது? கடன் கொடுக்க உறவினர் இருந்தவர் யார்? பக்தி சபையில் பிறந்த சங்கத்தில், அந்தச் சபைக்குள் எல்லாரும் சமமாக உட்கார்ந்தார்களா? ‘தொழிலாளி’ என்று ஒரே பெயரில் எழுதிவிட்டால் இந்தக் கேள்விகள் எழவே எழாது. ‘ஆதிதிராவிடர்’ என்று மட்டும் எழுதினாலும், அவர்கள் தறி ஓட்டினார்களா, நூல் பிரிவில் இருந்தார்களா, யார் கீழ் வேலை செய்தார்கள் என்பது எழாது. ஆலைக்குள் எந்தப் பிரிவில் எந்தச் சாதி என்ற கணக்கை வைத்துக்கொண்டு புளியந்தோப்பின் தெருக்களைப் பார்த்தால் அந்தக் கலவரம் வேறு மாதிரி தெரியக்கூடும்.

வெளிநாட்டு உதாரணம் ஒன்றும் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். இங்கிலாந்தின் தொழிற்புரட்சியை நமக்குப் பள்ளியில் சொல்லித் தந்தது கண்டுபிடிப்பாளர் பட்டியலாகத்தான்: ஹார்கிரீவ்ஸ், ஆர்க்ரைட், கிராம்ப்டன், வாட். வாட்டின் நீராவி எந்திரத்துக்குச் சரியான உருளை கிடைத்ததே பீரங்கிக் குழாய் குடைய ஜான் வில்கின்சன் 1774-ல் காப்புரிமை பெற்ற முறையால்தான் என்று யாரும் சொல்லவில்லை. 1811 முதல் எந்திரங்களை உடைத்த லுட்டைட்டுகளை முட்டாள்கள் என்று ஒரு வரியில் முடித்தார்கள். அவர்களை அடக்க அரசு இறக்கிய படை சுமார் 12,000 பேர், 1808-ல் வெல்லிங்டன் போர்ச்சுகலுக்குக் கூட்டிப் போனதைவிட அதிகம் என்பது பிறகுதான் தெரிந்தது. அங்கே எழுத்து மாறியது இ.பி.தாம்ப்சன் போன்றவர்கள் 1960-களில் ஒற்றர் அறிக்கையையும் தேவாலயப் பிரசங்கத்தையும் கூலிக் கணக்கையும் ஒரே மேசையில் வைத்துப் படித்ததால். அவரோடு சண்டை போட்டவர்களும் அதே மேசையில் உட்கார்ந்துதான் சண்டை போட்டார்கள்.

நம்மிடமும் நல்ல ஆய்வுகள் இல்லாமல் இல்லை. சென்னைத் தொழிலாளர்களைப் பற்றி ஈமன் மர்ஃபி, திலீப் வீரராகவன் போன்றவர்கள் வர்க்கத்தையும் சமூகத்தையும் சேர்த்தே பார்த்திருக்கிறார்கள். ஆனால் அவை ஆங்கிலத்தில் இருக்கின்றன, பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கின்றன. தமிழில் பரவலாக விற்கிற புத்தகங்களுக்கு அந்தப் பார்வை இன்னும் இறங்கி வரவில்லை.

ஆகவே என் வேண்டுகோள் இவ்வளவுதான். பெரம்பூரையும் புளியந்தோப்பையும் இடமாக வைத்து, 1914-லிருந்து 1921 வரை, ஒரே நூலாக யாராவது எழுதுங்கள். காக்கி ஆர்டர் எப்போது வந்தது, எப்போது குறைந்தது, போர் முடிந்து ஆர்டர் படுத்ததற்கும் 1920-ல் நிர்வாகம் முறுக்கிக்கொண்டதற்கும் சம்பந்தம் உண்டா என்று பாருங்கள். இரட்டை ஆட்சியில் போலீஸ் ஆளுநரின் கையில், மந்திரி பதவி நீதிக்கட்சியின் கையில் என்று இருந்தபோது யார் எதற்குப் பொறுப்பு என்று விளக்குங்கள். பெண்களை மறக்காதீர்கள், ஐந்து மாதம் கூலி வராத வீட்டில் அடுப்பு எரிந்தது யாருடைய உழைப்பில் என்று எந்தக் கோப்பிலும் நேராக இருக்காது, அதைச் சாட்சியங்களிலிருந்துதான் பொறுக்கி எடுக்க வேண்டும். எண்கள் கிடைத்தால் கொடுங்கள், கிடைக்காத இடத்தில் கதை கட்டாதீர்கள்.

இன்னொரு வேலை அவசரமானது. 1996-ல் மில் மூடப்பட்டபோது வேலையில் இருந்தவர்களில் பலர் இன்னும் இந்தப் பக்கத்தில் இருக்கிறார்கள். அவர்களின் தாத்தாக்கள் 1921-ல் வெளியே நின்றவர்கள், உள்ளே போனவர்கள். யார் எந்தப் பக்கம் என்பது சில குடும்பங்களில் இன்றும் பேச்சில் வரும். அதைப் பதிவு செய்ய மானியம் வேண்டாம், ஒரு செல்போன் போதும். வருவதாக இருந்தால் ஞாயிற்றுக்கிழமைகளில் வாருங்கள், மற்ற நாட்களில் வீட்டில் ஆள் இருக்க மாட்டார்கள். இருதரப்பு வீடுகளுக்கும் போங்கள்.

அன்புடன்,
வடசென்னை வாசகன் ஒருவன்