பட்டாயாவில் ஒரு நடிகர் கோயில்

அன்புள்ள கதிரேசா,

நலம், நலமறிய ஆவல். சர்க்கரையும் முழங்காலும் வழக்கம்போல. சின்னவளுக்கு ஆண் குழந்தை, தாயும் பிள்ளையும் சுகம். மற்றதை நேரில் பேசிக்கொள்ளலாம். இந்தக் கடிதமே வேறு விஷயத்துக்கு.

மருமகன் கம்பெனியில் குடும்பத்தோடு தாய்லாந்து கூட்டிப்போனார்கள். பட்டாயாவில் கோயிலுக்குப் போனேன் என்றால் நம் கூட்டத்தில் ஒருத்தனும் நம்ப மாட்டேன் என்கிறான். ஆபரேட்டர் அண்ணன் போனிலேயே சிரித்து முடித்து, "சாமி பேரு என்னப்பா?" என்று கேட்டார். நீயாவது நம்பு. சாமி பேரு மித் சாய்பஞ்சா. சினிமா நடிகர். பட்டாயாவை அடுத்த ஜோம்தியன் கடற்கரைப் பக்கம், அவர் செத்துப்போன இடத்தில் சிலை வைத்துக் கோயிலாக்கியிருக்கிறார்கள். உள்ளே சுவரெல்லாம் பழைய படங்கள். மாலையும் ஊதுவத்தியுமாக ஆட்கள் வந்துகொண்டே இருக்கிறார்கள். அவர் செத்தது 1970-இல். நான் போன அன்றைக்கு மாலையோடு நின்றவர்களில் பாதிப்பேர் அதற்கப்புறம் பிறந்தவர்களாகத்தான் இருப்பார்கள்.

அன்று பிடித்தது எனக்குக் கிறுக்கு. கைடைக் குடைந்தேன், ஊருக்கு வந்தும் ராத்திரியெல்லாம் போனில் அந்த ஆளைத் தேடித்தேடிப் படிக்கிறேன். உன் தங்கச்சி தனியாகப் படுக்கை விரித்துக்கொண்டாள்.

ஆளுடைய கதையைக் கேள். 1934-இல் பெட்சபுரியில் பிறந்தவர். அப்பா போலீஸ்காரர், அம்மாவோடு ஒத்துவராமல் பிரிந்துவிட்டார். அம்மா பிழைப்புக்காகப் பாங்காக்கில் காய்கறி விற்கப் போய்விட, பையன் புத்த விகாரையில் பிக்குவின் நிழலில் சோறு தின்று வளர்ந்தான். அப்புறம் அம்மாவிடம் வந்து சேர்ந்து, பள்ளிக்கூடத்தில் குத்துச்சண்டையில் பரிசெல்லாம் வாங்கி, விமானப்படையில் சேர்ந்து டோன் முவாங் தளத்தில் சார்ஜெண்ட் ஆனான். நல்ல உயரம், நல்ல முகவெட்டு. கூட வேலை பார்த்தவர்கள் போட்டோவை எடுத்துச் சினிமாக்காரர்களிடம் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டார்கள். நீ எனக்கு அதைச் செய்யாமல் போனாயே!

ஐம்பதுகளின் கடைசியில் முதல் படம். அடுத்து, பகலில் குடிகாரப் பணக்காரன், ராத்திரியில் முகமூடி போட்டுக்கொண்டு அக்கிரமக்காரர்களை அடிக்கிற 'செங்கழுகு' வேஷம். பிய்த்துக்கொண்டு போனது. 1962-இல் பெச்சரா சாவ்வராட் என்ற பெண்ணோடு ஜோடி சேர்ந்தார். அந்த ஜோடி மட்டும் சுமார் 165 படம். மொத்தம் 266 படம் என்கிறார்கள், பன்னிரண்டு பதின்மூன்று வருஷத்துக்குள். அறுபதுகளில் அந்த நாட்டில் வருஷத்துக்கு எழுபது எண்பது படம் வரும், அதில் பெரும் பங்கு இவருடையது. நாளுக்கு இரண்டு மூன்று மணி நேரத் தூக்கம். காலையில் ஒரு செட்டில் ஏழைப் பையன், மத்தியானம் இன்னொரு செட்டில் போலீஸ்.

இத்தனை படம் எப்படி முடிந்தது? டப்பிங்காரன் உனக்குத்தான் இது இனிக்கும், அதனால்தான் எழுதுகிறேன். சத்தமே கிடையாது! இரண்டாம் உலகப் போர் முடிந்த பிறகு 35 மி.மீ. ஃபிலிம் வாங்கக் கட்டுப்படியாகாமல் 16 மி.மீ. கலர் ஃபிலிமில் ஊமைப்படமாக எடுத்துத் தள்ளினார்கள். நடிகர் வசனம் பாடம் பண்ண வேண்டாம், பக்கத்தில் ஒருத்தர் சொல்லிக்கொடுக்க வாயசைத்தால் போதும். படம் ஓடும்போது டப்பிங்காரர்கள் தியேட்டரிலேயே மைக்கைப் பிடித்துக்கொண்டு, திரையைப் பார்த்தபடி எல்லாருக்கும் பேசுவார்கள். ஆண் குரலுக்கு ஒருவர், பெண் குரலுக்கு ஒருவர். சில இடத்தில் ஒரே ஆள் கதாநாயகன், வில்லன், கிழவி, நாய் எல்லாம். கிராமத்துக்கு மருந்துக் கம்பெனி வண்டி வரும். இலவசமாகப் படம் போட்டு, ரீலுக்கு நடுவே விளக்கைப் போட்டு மருந்து விற்பான். அங்கேயும் டப்பிங்காரர்தான் ராஜா. இன்னார் குரலில் இந்தப் படம் என்று விளம்பரம் செய்வார்களாம். டைட்டிலில் பேர் போடவில்லை என்று நீ முப்பது வருஷமாக மூக்குச் சிந்துகிறாயே, பிறந்த ஊர் தப்பு உனக்கு.

யோசித்துப் பார். ஜனங்கள் உயிரையே வைத்திருந்த அந்த மனுஷனின் சொந்தக் குரல் பெரும்பாலும் திரையில் வந்ததே இல்லை. ஊருக்கு ஒரு குரலில் பேசியிருக்கிறார். முகமும் உடம்பும்தான் அவர் முதலீடு. அந்த உடம்பைத்தான் அப்படி ஓட்டியிருக்கிறார்கள். மித், பெச்சரா இரண்டு பேர் இருந்தால் வெளியூர் விநியோகஸ்தர்கள் முன்பணம் கொடுத்துவிடுவார்கள், அந்தப் பணத்தில்தான் படமே எடுப்பது. இவர் ஒரு வாரம் படுத்தால் எத்தனை பேர் அடுப்பு அணையும்? "முடியாது" என்று சொல்லத் தெரியாதவர் என்று படித்தபோது எனக்கு யார் ஞாபகம் வந்தது என்று சொல்ல வேண்டியதில்லை.

நீ இந்நேரம் எம்.ஜி.ஆர். என்று ஆரம்பித்திருப்பாய். நானும் ஆரம்பித்தேன். ஆனால் பார், 1967-இல் நம்மவர் கழுத்தில் கட்டோடு ஆஸ்பத்திரியில் படுத்துக்கொண்டே பரங்கிமலையில் ஜெயித்தார். 1969-இல் பாங்காக்கில் தேர்தலுக்கு நின்ற மித் தோற்றுப்போனார். கூட்டம் கூடியது, ஓட்டு விழவில்லை. நம்மவர் பின்னால் ஒரு கட்சியே கிளை கிளையாக நின்றது. அங்கே பத்து வருஷத்துக்கு மேல் ராணுவ ஆட்சி, பொதுத்தேர்தலே இல்லாமலிருந்து அப்போதுதான் ஒன்று நடந்தது. படம் பார்க்க வந்தவனை ஓட்டுச்சாவடி வரை கூட்டிப்போக யார் இருந்தார்கள்? என் கணக்கு இது. ஆபரேட்டர் அண்ணன் ஒத்துக்கொள்ளவில்லை. "முகராசி வேணும்ப்பா" என்கிறார்.

தேர்தலில் கைப்பணம் போனது. போதாததற்கு தாய் படங்களுக்கென்று பாங்காக்கில் நல்ல தியேட்டர் ஒன்று கட்ட வேண்டும் என்று ஆசை. வெளிநாட்டுப் படங்கள் நல்ல தியேட்டர்களை எல்லாம் பிடித்துக்கொண்டிருந்த காலம் அது. கடன் வாங்கி இடம் பார்த்திருந்தார். 1970-இல் 'மோன்ராக் லுக் துங்' வந்தது. கிராமத்துப் பாட்டுகள் நிறைந்த படம், 35 மி.மீ., பாங்காக்கில் ஆறு மாதம் ஓடியது. எல்லாம் கூடி வருகிற நேரம். அடுத்து 'தங்கக் கழுகு'. செங்கழுகு வேஷம்தான், ஆனால் இந்தத் தடவை டைரக்‌ஷனும் அவரே.

கடைசிக் காட்சி. எதிரிகளை முடித்துவிட்டு ஹெலிகாப்டரிலிருந்து தொங்கும் கயிற்றேணியைப் பிடித்துக்கொண்டு கதாநாயகன் வானத்தில் போக வேண்டும். டூப் இல்லை. 1970 அக்டோபர் 8, ஜோம்தியன். ஏணியை எட்டிப் பிடித்தார், கால் வைக்கப் படி கிடைக்கவில்லை. கையிலேயே தொங்குகிறார். மேலே பைலட்டுக்கு அது தெரியாது, ஏற்றிக்கொண்டே போய்த் திருப்பிவிட்டார். கை நழுவியது. வயது முப்பத்தாறு. கேமரா ஓடிக்கொண்டிருந்தது. அதையும் படத்தில் சேர்த்துத் திரையிட்டார்கள். எனக்கு இதைத்தான் ஜீரணிக்க முடியவில்லை கதிரேசா. நான் அந்தத் துண்டைத் தேடவில்லை, நீயும் தேடாதே.

பெச்சராவுக்கு அத்தனை வருஷ விளக்கு வெளிச்சத்தில் கண் கெட்டுக் கடைசியில் பார்வையே போய்விட்டது. 2018-இல் தேசியக் கலைஞர் பட்டம் கொடுத்தார்கள். அந்த 266 படத்தில் பலவற்றுக்கு இன்று பிரதியே கிடையாது. நெகட்டிவ் இல்லாத ஃபிலிம், ஓட்டி ஓட்டியே தேய்ந்து போயிருக்கிறது. தாய்லாந்தில் திரைப்பட ஆவணக் காப்பகம் வந்ததே 1984-இல்தான்.

இப்போது உன் விஷயம். உன் மகள் போன் பண்ணினாள். கோபிக்காதே, நான்தான் கேட்டேன். பகலில் இரண்டு சீரியல், ராத்திரி வெப் சீரிஸ், விடியற்காலை இரண்டு மணிக்கு ஸ்கூட்டரில் வீடு திரும்புகிறாயாம். போன மாதம் கோடம்பாக்கம் மேம்பாலத்தில் கண் சொக்கிவிட்டதை அவளிடம் சொல்லியிருக்கிறாய், என்னிடம் சொல்லவில்லை. நீ இல்லாவிட்டால் அந்த சீரியல் மாமனாருக்கு வேறொருத்தன் இருமிவிட்டுப் போவான்டா. ராத்திரி வேலையை விடு. விட முடியாது என்றால் ஆட்டோவில் போ, காசு நான் அனுப்புகிறேன். வாதாடாதே.

குழந்தைக்கு ஆவணியில் பேர் வைக்கிறோம். மதினியோடு இரண்டு நாள் முன்னாலேயே வந்துவிடு. ஆபரேட்டர் அண்ணனும் வருகிறார். அந்த நாலாயிரத்தைப் பற்றி நான் ஒன்றும் கேட்கவில்லை, அவர்தான் பார்க்கும்போதெல்லாம் கேட்கிறார்.

அன்புடன்,
ராமு