ஒரு பத்தி தள்ளிப் போனதால்

அன்புள்ள செல்வம்,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. மூட்டு வலி குறைந்து மறுபடி மாடிப்படி ஏறுகிறாய் என்று படித்ததும்தான் நிம்மதி. இங்கே எல்லோரும் சௌக்கியம். பேரன் கல்லூரியில் சேர்ந்துவிட்டான்.

இப்போதெல்லாம் என்ன படிக்கிறாய் என்று கேட்டிருந்தாய். பப்புவா நியூ கினியின் மொழிகளைப் பற்றி. அந்த ஒரு நாட்டில் மட்டும் 800க்கும் மேற்பட்ட மொழிகள். அதன் வடமேற்குக் கோடியில் சாண்டவுன் என்று ஒரு மாகாணம். சூரியன் இறங்கும் திசை என்று பொருளாம். அங்கே அமனாப் பக்கம் க்வொம்தாரி, பியாகா, ஃபாஸ், பைபாய் என்று சில சின்ன மொழிகள். யார் யாருக்குச் சொந்தம் என்பதுதான் கேள்வி.

1964இல் லவிங், பாஸ் என்ற இருவர் சொற்களைத் திரட்டி, க்வொம்தாரியும் பியாகாவும் ஒரு வீடு, ஃபாஸும் பைபாயும் வேறு வீடு என்று பிரித்தார்கள். 1970களில் டான் லேகாக் என்ற மொழியியலாளர் செய்த வகைப்பாட்டில் ஜோடி மாறிவிட்டது. க்வொம்தாரியோடு ஃபாஸ், பைபாயோடு பியாகா. அதற்கு மேல் இரண்டு வீட்டையும் சேர்த்து ஒரே பெருங்குடும்பமாக்கிவிட்டார். அந்த நாட்டின் செபிக் ஆற்றுப் பகுதி மொழிகளில் அவரைவிட அதிகம் உழைத்தவர்கள் குறைவு. 1983இல் பாரன் என்பவர் அந்த மொழிகளை மறுபடி ஆராய்ந்து, லேகாக்கின் ஜோடி பிசகியதற்குச் சொன்ன காரணத்தைப் படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. அச்சான சொல் அட்டவணையில் வரிசை பிசகியிருக்கிறது, அவ்வளவுதான்!

உனக்கு நாம் அச்சடித்த மண்டி விலைப் பட்டியல் ஞாபகம் வந்திருக்கும். மிளகாய் விலை மல்லிக்குக் கீழே ஏறி, கோத்த அச்சுப் பாரம் மெஷினுக்குப் போன பிறகு நீதான் ஓடிவந்து நிறுத்தினாய். அதை அன்றே சரிசெய்தோம். இங்கே பத்து வருஷம் ஆனது. அந்த மொழிகளைப் பேசுகிறவர்கள் சில ஆயிரம் பேர்தான் இருப்பார்கள். அவர்களில் யாரும் புரூஃப் பார்க்கவில்லை.

பாரன் அதோடு நிற்கவில்லை. குரியாசோ என்ற இன்னொரு மொழியையும் க்வொம்தாரி வீட்டுக்குத் தூரத்துச் சொந்தமாகச் சேர்த்தார். பொதுச் சொற்கள் கொஞ்சம்தான். ஆனால் ஒன்றில் ரகரம் வரும் இடத்தில் இன்னொன்றில் லகரம் வருகிறது என்று பிடித்த பிறகு உறவு தெளிவாகிவிட்டது. நம் பால் கன்னடத்தில் ஹாலு, பல் ஹல்லு, பத்து ஹத்து ஆவதைப் போலத்தான். மாறும்போதும் ஒழுங்காக மாற வேண்டும்.

வெறும் ஒலி ஒற்றுமையை நம்பக்கூடாது என்பதற்கும் அங்கேயே ஓர் உதாரணம் இருக்கிறது. டிரான்ஸ் நியூ கினி என்ற பெரிய குடும்பத்தின் மூலமொழியில் 'நான்' என்பதற்கு 'ந' என்று கணக்கிட்டிருக்கிறார்கள். நம் ஆட்கள் கண்ணில் பட்டால் தமிழோடு உறவு என்று உடனே கட்டுரை எழுதிவிடுவார்கள். அந்த ஒரு எழுத்தை வைத்து எதையும் சொல்ல முடியாது, செல்வம். இதை நான் அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் எனக்கே ஒரு நாள் முழுக்க அந்த ஆசை இருந்தது.

ஃபாஸ் மக்கள் தங்கள் பேச்சை மொமு என்கிறார்கள். இப்போது ஆஸ்திரேலிய தேசியப் பல்கலைக்கழகத்தில் அதற்கு முழு இலக்கணமே எழுதியிருக்கிறார்கள். வெறும் சொற்பட்டியலாக இருந்த மொழிக்கு வினை, வேற்றுமை, வாக்கியம் எல்லாம் ஏட்டில் ஏறியதில் எனக்கு அவ்வளவு சந்தோஷம்.

பேரன் சில சொற்பட்டியல்களை அச்செடுத்துத் தந்திருக்கிறான். எழுத்து பொடி. பொங்கலுக்கு வரும்போது உன் பழைய மரஸ்கேலை எடுத்து வா. வரிக்குக் கீழே வைத்து நீ உரக்கப் படி, நான் பார்க்கிறேன்.

அன்புடன்,
மாணிக்கம்